பேச்சுத்துணை

பெட்டிய இங்க கொண்டாங்க, நான் தூக்குதேன். தோணியில வந்த தலைசுத்து போவ நேரமாவும். மெதுவா வாங்க, மணல்ல காலு பொதையும்.

ஆமா, நான் அவரு பொண்டாட்டிதான், பிளாரன்ஸ். கரையில அத்தன பொம்பளையளு நிக்கயில நேரா எங்கிட்ட வந்தீயளே, எப்படி? நெத்தி வடுவா? அதையுமா சொன்னாரு! எங்கப்பா துடுப்பால அடிச்ச வடு. கட்டுன அன்னைக்கு அவருகிட்ட மட்டும் அழுது சொன்னேன். இப்ப கொழும்பு வரைக்கும் போயிருக்கு.

சிரிக்காதீய. எனக்கு வயிறு எரியுது.

தப்பா ஒண்ணும் நெனைக்கல. போன கிறிஸ்மஸுக்கு வந்தப்பவே எல்லாத்தையும் சொல்லிட்டாரு. கொழும்பு கொச்சிக்கடை அந்தோணியார் கோயில்ல மழைக்கு ஒதுங்குன பழக்கமாம். அவர மாதிரியே நீங்களும் அங்க ஒத்தயில, தையல் தச்சுப் பொழைக்கிற பொம்பளையாம். ஞாயித்துக்கிழமை பூசை முடிஞ்சா கடக்கரையில ஒக்காந்து பேசுவியளாம். அத்தாம் பெரிய பட்டணத்துல முகம் பாத்துப் பேச வேற நாதி இல்லியாம். வேற மாதிரி சங்கதின்னா மயிரப் பிடிச்சு சண்ட போட்டு ஆத்தியிருப்பேன். பேச்சுக்கு என்னன்னு சண்ட போட? ஊருக்கு வந்தா எங்கிட்ட சோறு இருக்கா, தண்ணி கொண்டா, அம்புட்டுத்தான். ஏளா, அப்படி என்னதான் பேசுவீய ரெண்டு பேரும்? கோவிச்சுக்கிடாதீய, வாயில வந்துட்டு.

எதப் பத்தி? என்னப் பத்தியா?

அத எங்கிட்ட சொன்னா என்னவாம் அந்த மனுசனுக்கு.

இந்தா, இதான் வீடு. நில்லுங்க. உங்கள அவரு வரச் சொல்லல. தோணி ஓட்டுற சிலுவ தண்டல்கிட்ட, அவரு கூப்பிடுதாருன்னு சொல்லச் சொல்லி அனுப்புனது நாந்தான். ஈஸ்டர் அன்னைக்கு சப்பான்காரன் கொழும்புல குண்டு போட்டான்லா, அப்ப தொறமுகத்துல வேலையில நின்னிருக்காரு. ஊருக்கு வந்ததுல இருந்து வாயத் தொறக்கல, யாரையும் பாக்கல. பழகுன ஆளு பேரு சொல்லிக் கூப்பிட்டா திரும்பிப் பாப்பாருன்னாரு டாக்டரு. புருசன் பேர எந்தப் பொம்பள வாயால சொல்லுவா? நேத்து ஆளு இல்லாத நேரமாப் பாத்து கதவச் சாத்திட்டு நானும் கூப்பிட்டேன். திரும்பல. எங்குரல்ல அந்தப் பேர அவரு கேட்டதே கெடையாதே.

நீங்க பேரு சொல்லித்தான கூப்பிடுவீய? போங்க, கூப்பிடுங்க. என்ன சொல்லுதாருன்னு நான் இங்கன நின்னு கேட்டுக்கிடுதேன்.