ஷிஸூயேவின் அலறல்

தொண்டைக்கு நல்லதென்று பச்சை முட்டை ஒன்றை உடைத்து ஒரே மடக்காகக் குடித்துவிட்டுத்தான் நான் வாயைத் திறப்பேன். பன்னிரண்டு வருடப் பழக்கம், இன்ஸ்பெக்டர் ஐயா. அன்று மத்தியானமும் குடித்தேன்.

அசகுசா கொட்டகையில் ஊமைப்படம் ஓடும்போது திரையோரம் நின்று வசனம் பேசும் பென்ஷி நான். திருடனும் நானே, போலீஸும் நானே. என் மனைவி ஷிஸூயே திகில் படங்களில் நடிப்பாள். படத்துக்குப் படம் யாராவது அவள் கழுத்தை நெரிப்பார்கள். வாயைத் திறப்பது அவள், அலறுவது நான். அந்த அலறலுக்காகவே ஜனங்கள் திரும்பத் திரும்ப வந்தார்கள்.

ஒத்திகையெல்லாம் வீட்டில்தான். ஆரம்பத்தில் பக்கத்து வீட்டில் தோஃபு விற்கிற ஒகானே பதறி ஓடிவருவாள். போகப்போகப் பழகிவிட்டது. "என்ன வாத்தியாரே, இன்னிக்குப் பொண்டாட்டிய எத்தன தடவ கொன்னீங்க?" என்று கிண்டல் செய்வாள்.

அப்புறம் பேசும்படம் வந்து தொலைந்தது. கியோட்டோ படக் கம்பெனியிலிருந்து ஷிஸூயேவைக் கூப்பிட்டார்கள். மைக்கின் முன்னால் அவளே பேச வேண்டுமாம். அவளுக்கு மெல்லிய குரல், அவள் பிறந்த அகிதாப் பக்கத்துக் கொச்சை வேறு. அந்த இயந்திரம் அதைப் பிடித்துக்கொண்டுபோய் ஊர் ஊராகப் போட்டுக் காட்டும். நினைக்கவே எனக்குப் பயமாக இருந்தது. பெட்டியில் துணி அடுக்கிக்கொண்டிருந்தவளிடம் பொறுமையாகச் சொன்னேன்.

"அந்த மிஷின் ஒன்னக் கேலிப்பொருளாக்கிடும். போகாத."

"சிரிக்கிறவங்க சிரிச்சுட்டுப் போகட்டும். பன்னெண்டு வருசமா நீங்கதான பேசுறீங்க. ஒரு தடவயாவது நான் பேசுறேனே."

கோபமில்லாமல்தான் சொன்னாள். எனக்கு அழுகை வந்துவிட்டது. அழுதபடியேதான் அவள் கழுத்தில் கை வைத்தேன்.

திரையில் திறப்பதுபோலவே வாயைத் திறந்தாள். சத்தம் வரவில்லை. அவளை அப்படி விட எனக்கு மனசு கேட்கவில்லை. அவளுக்காக நானே அலறினேன். என் தொழிலில் அவ்வளவு நன்றாக ஒருநாளும் வந்ததில்லை. சுவருக்கு அந்தப் பக்கம் ஒகானே கைதட்டினாள்.

அவளை நீங்கள் குற்றம் சொல்லக்கூடாது. பாவம், அவளுக்கு எப்படித் தெரியும்.

வாக்குமூலத்தில் ஷிஸூயே கடைசியாக என்ன சொன்னாள் என்ற இடத்தைக் காலியாக விட்டிருக்கிறீர்கள். எழுதிக்கொள்ளுங்கள். அவள் குரலிலேயே சொல்கிறேன், கொஞ்சம் கிட்டே வாருங்கள்: "நான் எங்கயும் போகல. எனக்கும் சேத்து நீங்களே பேசுங்க."