லைசென்ஸ் இருக்குதுங்க

வேண்டாமுங்க மேடம், இப்ப தண்ணி உள்ள எறங்காது. பாத்ரூமுக்கும் வர்லீங்க நானு. அவருகிட்ட அப்படிச் சொல்லிட்டு எறங்குனேன், அவ்வளவுதான். அந்தக் கதவ மட்டும் சித்த ஒருக்களிச்சாப்பல சாத்திக்கறீங்களா? முழுசா வேண்டாம், முழுசாச் சாத்துனா என்ன ஏதுன்னு பாப்பாரு. ஆங், அது போதுங்க.

அதோ, பேக்கரிக்கு முன்னால செவப்புக் காரு ஒண்ணு நிக்குதுங்களே, அதுதான் எங்க வண்டி. வெள்ளச் சட்ட போட்டுட்டு டீ டம்ளரோட நிக்கறாரே, அவருதான் எங்க ஊட்டுக்காரரு. பேருங்களா? சுப்பிரமணிங்க. கொட்டச்சேட்டுல காப்பித் தோட்டம் வெச்சிருக்கறோம், மொளகுங் கொஞ்சம் இருக்குது. எப்பவும் குப்பனூரு வழியாத்தான் எறங்குவோம். அங்க மழைக்கு மண்ணு சரிஞ்சு கெடக்குதுன்னாங்க, அதனால அடிவாரத்துப் பக்கம் சுத்தி வந்தோம். இல்லீன்னா இந்தப் போலீசு ஸ்டேசனுக்குள்ள வந்து உங்க மூஞ்சிய நான் எங்க பாக்கப் போறேன்.

ஐயோ, அப்படி எட்டிப் பாக்காதீங்க கண்ணு! மன்னிச்சுக்குங்க மேடம், வாய் தவறிருச்சு. என்ற பொண்ணு வயசுதான் இருக்கும் உங்களுக்கு.

இல்லீங்க, அதெல்லாம் அடிக்கல. கை நீட்டுனதே கெடையாதுங்க. கட்டிக்கிட்டு வந்த நாள்ல இருந்து ஒரு அடியோ ஒரு கெட்ட வார்த்தையோ நான் வாங்குனதில்ல. குடி இல்ல, சீட்டு இல்ல. தோட்டத்துல சுருட்டுப் புடிக்கறவனக் கண்டா மட்டும் கோவம் வரும். இப்படிப்பட்ட மனுசனப் பத்தி நான் போயிச் சொன்னா ஆருங்க நம்புவாங்க?

துப்பாக்கிங்க மேடம். அவருகிட்ட ஒரு சின்னத் துப்பாக்கி இருக்குது, இத்துனூண்டு. இடுப்புல தோலு உறையில போட்டு, சட்டைய மேல எடுத்து உட்டுக்குவாரு. இருக்கறதே தெரியாது.

ஆமாங்க, லைசென்ஸ் இருக்குது. இருக்குதுங்க. இன்னிக்குக் காலைல ஏற்காட்டுல ஒரு ஏட்டையா வண்டிய நிறுத்துனாரு. அவரு கேக்கறதுக்கு முன்னாலயே இவரா எறங்கி, ஐயா, என்கிட்ட துப்பாக்கி இருக்குது, இதுதான் லைசென்ஸுன்னு எடுத்துக் காட்டுனாரு. அவரு பாத்துட்டு, உங்கள மாதிரி எல்லாரும் இருந்துட்டா எங்களுக்கு வேலையே இல்லீங்க சாருன்னு சிரிச்சுக்கிட்டே அனுப்பிச்சுட்டாரு. நான் வண்டிக்குள்ள உக்காந்து அந்த ஏட்டையா மூஞ்சியவே பாத்துட்டிருந்தேன். என்னையும் ஒருக்கா பாக்க மாட்டாரான்னு. பாக்கலீங்க.

அது வாங்குனது வேற காரணத்துக்குங்க. பக்கத்து எஸ்டேட்டுல மொளகு திருட வந்தவனுங்க, காவலுக்கு இருந்தவரப் புடிச்சுக் கட்டிப் போட்டு மண்டைய ஒடச்சுட்டானுங்க. அதுக்கப்பறம் இவரு எழுதிப் போட்டு வாங்குனாரு. அப்ப லைசென்ஸு தமிழ்நாட்டுக்குள்ள மட்டுந்தான் செல்லும். ஒரு தடவகூட சுட்டதில்ல. காட்டெருமை வந்து செடிய மிதிச்சாக்கூட தகர டப்பாவத் தட்டித்தான் வெரட்டுவாரு. ஞாயித்துக் கெழமையானா பழைய பனியன் துணில தொடச்சு வெப்பாரு, அவ்வளவுதான். எலக்சன் வந்துச்சுன்னா ஸ்டேசன்ல கொண்டு போயி ஒப்படைக்கோணுமில்லீங்களா, இவருதான் மொதோ ஆளாப் போயி நிப்பாரு. அது ஊட்டுல இல்லாத நாள்ல எனக்கு நொம்ப நல்லாத் தூக்கம் வரும். அப்பறம் போயி வாங்கிட்டு வந்துருவாரு.

சொல்றனுங்க, சொல்றேன். பொண்ணு பேரு ஹரிணி. ஒரே பொண்ணு. பெங்களூருல வேலைக்குப் போனா. அங்கயே ஜோஸ்வாவக் கல்யாணம் பண்ணிக்கிட்டா, ரிஜிஸ்டர் ஆபீசுல. ஜோஸ்வா வேற ஆரும் இல்லீங்க, எங்க தோட்டத்துல கணக்கெழுதற ரைட்டரு ஆரோக்கியதாஸோட பையன். எங்க களத்துல காப்பி காயப் போட்டா அதுமேல ஓடி வெளயாண்ட பையன்தான். நல்ல பையனுங்க. அத நான் ஊட்டுல சொல்ல முடியுமா?

சேதி வந்த அன்னிக்கு இவரு என்ன பண்ணுனாருங்கறீங்க? கவாத்துக் கத்திய எடுத்துட்டுத் தோட்டத்துக்குள்ள போனாரு. அது கெளை கழிச்சுக் கவாத்து பண்ற காலமே இல்லீங்க, காப்பிச் செடி காய் புடிச்சு நிக்குது. வரிசை வரிசையா வெட்டிச் சாச்சுட்டாரு. ஆளுங்கல்லாம் வாயில கைய வெச்சுட்டு நிக்கறாங்க. பொழுது எறங்க வந்து கைகால் கழுவிட்டு, சோத்தப் போடுன்னாரு. மறுநாளு ரைட்டரக் கூப்புட்டு, சேர வேண்டியதெல்லாம் முறையாக் குடுத்து, கையப் புடிச்சுக் குலுக்கி அனுப்பிச்சாரு. ரைட்டரே அழுதுட்டாரு, மொதலாளி பெரிய மனசுங்கன்னு. சாந்தாமேரி, அதானுங்க ரைட்டரு சம்சாரம், அந்தம்மா மட்டும் அழல. போறப்ப என்னையத் திரும்பிப் பாத்துச்சு. பொம்பளைக்குப் பொம்பள தெரியுமுங்க.

அதே வாரத்துல கலெக்டர் ஆபீசுக்குப் போயி, லைசென்ஸ இந்தியா முழுக்கச் செல்லற மாதிரி மாத்திக் குடுங்கன்னு எழுதிக் குடுத்தாரு. ஏனுன்னு கேட்டதுக்கு, காப்பி யாவாரத்துக்குப் பெங்களூரு, சிக்மகளூருன்னு போக வேண்டியிருக்குது, வழியில பயமா இருக்குதுன்னாராம். அதும் பொய்யில்லீங்களே. விசாரிக்க வந்த போலீசுக்காரரு தங்கமான மனுசன்னு எழுதிட்டுப் போனாரு.

ஒரு வருசத்துக்கு மேல இழுத்துச்சுங்க அது. ஒருக்காகூட அவசரப்படல இவரு. அது வராம எல்லையத் தாண்ட மாட்டேன்னு உக்காந்திருந்தாரு. நான் என்ன நெனச்சேன், மனசு ஆறிருச்சாட்ட இருக்குதுன்னு நெனச்சேன். பேத்தி பேரன்னு வந்தா சரியாப் போயிருமுன்னு கோயிலுக்கு வேண்டிக்கிட்டேன். அவரு அந்தக் காயிதத்துக்காகத்தான் காத்துட்டிருக்கறாருன்னு எனக்கு எப்படிங்க தெரியும்?

போன மாசம் வந்துச்சு. வந்த மறுவாரம், கெளம்பு, பெங்களூரு வரைக்கும் ஒரு நட போயிட்டு வரலாமுன்னாரு. எனக்குக் கையுங் காலும் ஓடல. பொண்ணப் பாக்கப் போறோமாங்கன்னு கேட்டேன். சும்மா வண்டிய ஓட்டிப் பாக்கலாமுன்னாரு. ஓசூரத் தாண்டுனதும் கர்நாடகா போலீசு நின்னுட்டிருந்தாங்க. எல்லா வண்டியும் போயிட்டிருக்குது, இவர ஆரும் கை காட்டக்கூட இல்ல. இவரா ஓரங்கட்டி நிறுத்துனாரு. எறங்கிப் போயி, துப்பாக்கிய உறையோட காட்டி, காயிதத்தக் காட்டி, இங்கிலீசுல என்னமோ கேட்டாரு. அவங்க பாத்துட்டுத் தலையாட்டுனாங்க. திரும்ப வந்து உக்காந்தாரு பாருங்க, அப்படியொரு சந்தோசம் மூஞ்சில. பரிச்சை பாஸான பையனாட்டம். எதாச்சும் சாப்புடறயா சசின்னு கேட்டாரு. பேரச் சொல்லி என்னையக் கூப்புட்டு எத்தன வருசம் ஆச்சு.

அப்பறம் எங்கெங்கயோ சந்து பொந்தெல்லாம் திரும்பி ஒரு தெருவுல கொண்டு போயி நிறுத்துனாரு. எதுக்கால மாடி ஊடு. கம்பியில துணி காயுது. நான் சும்மா பாத்துட்டிருந்தனுங்க... அதுல ஒரு சுடிதாரு, மாம்பழக் கலரு, கழுத்துல வெள்ள நூலு வேலப்பாடு. சேலத்துல நான் ஹரிணிக்கு எடுத்துக் குடுத்தது மேடம். பக்கத்துல ஒரு ஆம்பளச் சட்ட. அவரு அந்த மாடியவே பாக்கறாரு. எறங்குலாமாங்கன்னேன். இன்னிக்கு வேண்டாம், வழி தெரிஞ்சுக்கத்தான் வந்தேன்னாரு. வண்டியத் திருப்பிட்டாரு.

அன்னிக்கிருந்து நான் தூங்கலீங்க.

நேத்து அவளுக்குப் போன் போட்டாரு. கண்ணு, அப்பா பேசறேன், நடந்தது நடந்துருச்சு, நானும் அம்மாளும் நாளைக்கு உன்ற ஊட்டுக்கு வர்றோமுன்னாரு. அவ அழுகறது எனக்கு இங்க வரைக்கும் கேக்குது. இவருங் கண்ணத் தொடச்சாரு. அது நெசமான கண்ணீருங்க மேடம், அதுல சந்தேகமே இல்ல. அதுதான் எனக்கு நொம்பப் பயம்.

கூப்புட்டனுங்க, கூப்புடாம இருப்பனா? அவரு குளிக்கப் போன நேரத்துல கூப்புட்டேன். சாமி, எங்கயாச்சும் போயிரு, ரெண்டு பேரும் ஊட்டப் பூட்டிட்டு எங்கயாச்சும் போயிருங்கன்னேன். அவ என்ன சொன்னா தெரியுங்களா? அம்மா, அப்பாவே மனசு மாறிட்டாரு, நீதான் இன்னும் மாறலன்னா. வெச்சுட்டா. அப்பறம் எடுக்கவே இல்ல. என்ற தம்பி யுவராஜுக்குச் சொன்னேன். மச்சானா, எறும்ப மிதிக்காத மனுசன், உனக்கென்ன புத்தி பெசகிருச்சான்னு சிரிக்கறான்.

எனக்கு எப்படித் தெரியுமுன்னுங்களா? சொந்தக்காரங்க ஊட்டுக்குப் போறப்ப அத எடுத்துட்டுப் போவ மாட்டாருங்க. இத்தன வருசத்துல ஒருக்காகூட இல்ல. கல்யாணம் காச்சி, எழவு, கோயிலு, எதுக்கானாலும் பீரோவுல வெச்சுப் பூட்டிட்டுத்தான் வருவாரு. நல்ல எடத்துக்கு அது ஆகாதும்பாரு. இன்னிக்குக் காலைல கட்டல்மேல உக்காந்து ஒவ்வொண்ணாக் குண்டு போடறாரு. நான் காப்பியோட கதவு நெலவுலயே நின்னுட்டேன். எதுக்குங்க இது, புள்ள ஊட்டுக்குத்தான போறோமுன்னு கேட்டேன். தலைய நிமுத்தாமச் சொன்னாரு, லைசென்ஸ் இருக்குதுன்னு. நான் கேட்டது என்ன, அவரு சொன்னது என்ன, பாருங்க.

தெரியுங்க. உங்க மேல தப்பே இல்ல. காயிதம் சரியா இருக்கறவர நீங்க எப்படிப் புடிச்சு வெப்பீங்க? மனு எழுதிக் குடுன்னா எழுதிக் குடுக்கலாம், நீங்களும் கூப்புட்டுக் கேப்பீங்க. அவரு சிரிச்சுட்டே, பொண்ணப் பாக்கப் போறோமுங்க, இவளுக்குக் கொஞ்ச நாளா ஒடம்பு செரியில்லீங்கன்னு சொல்லுவாரு. நீங்க நம்புவீங்க. நானே நம்பிருவேன். அப்பறம் அதே வண்டில, அவருக்குப் பக்கத்துல, நான் உக்காந்து போகோணும்.

ஆரன் அடிக்கறாரு. எனக்குத்தான். இருக்கட்டுங்க, நீங்க வெளிய போவாதீங்க. ஒரு நிமிசம். இன்னொண்ணு சொல்லீர்றேன்.

உக்காந்து வண்டி ஓட்டுறப்ப அது இடுப்புல குத்துமுங்க அவருக்கு. அதனால மலையெறங்குறப்பவே கழட்டி முன்னால இருக்கற பொட்டில வெச்சிருந்தாரு. ஒரு வளைவுல பிரேக்கு தீயற வாசம் வந்துச்சு. எறங்கிப் போயி சக்கரத்துல தண்ணி ஊத்திட்டிருந்தாரு. அப்ப எடுத்துட்டனுங்க. இதோ, இந்தப் பையிலதான் இருக்குது. மேல இருக்கறது பொண்ணுக்குன்னு எடுத்த பட்டர்ஃப்ரூட்டுப் பழம், அதுக்கடீல துண்டுல சுத்தியிருக்கறேன். பாத்துங்க மேடம், குண்டு போட்டதுதான், நான் உறையத் தவர எதையுந் தொடல.

தூசி தட்டறதுக்குன்னு ஒரு நாளு எடுத்ததுக்கு அவருதான் சொன்னாரு. என்ற இடுப்புல இருந்தா அது லைசென்ஸு, உன்ற கையில இருந்தா அது கேஸு, உள்ள தள்ளிருவாங்க, ஜாமீன்கூடக் கெடைக்காதுன்னு. அவரத்தான் உங்களாலப் புடிக்க முடியாது. என்னையப் புடிக்கலாமில்லீங்க? புடிச்சு எழுதிக்குங்க. சசிகலா, சுப்பிரமணி சம்சாரம், கொட்டச்சேடு. கேஸுன்னு ஆயிட்டா துப்பாக்கியும் உங்ககிட்டயே இருந்துருமில்லீங்க, லைசென்ஸையும் வாங்கிப் பாப்பீங்க.

இப்ப அந்தக் கதவ முழுசாச் சாத்திருங்க, அவரு ரோட்டத் தாண்டி வர்றாரு.

ஒரே ஒரு ஒதவி மேடம். என்ற பொண்ணு காலைல இருந்து எங்களுக்காகச் சமைச்சுட்டு நிப்பா. நான் கூப்புட்டா எடுக்க மாட்டா, உங்க போனுல இருந்து கூப்புட்டுச் சொல்லிருங்க. இன்னிக்கு நாங்க வர்லீன்னு சொல்லி, சாப்புடச் சொல்லுங்க அவங்கள.