நாற்பது ரூம் கம்பெனி

கல்யாணத்துக்கு வெளியூரிலிருந்து வந்து இறங்குகிறவனுக்கு முதலில் வேண்டியது சாப்பாடு இல்லை சார், கக்கூஸ். இது தெரியாமல்தான் பாதிப் பேர் மண்டபத்து வாசலில் பன்னீர்ச் செம்பும் கையுமாக நிற்கிறார்கள். எனக்குத் தெரியும். முப்பது வருஷமாக எங்கள் சொந்தத்தில் எந்தக் கல்யாணம் என்றாலும் ரூம் போடுவது என் பொறுப்பு. யாருக்கு மாடி ஏற முடியாது, யார் குறட்டை விடுவார், எந்த இரண்டு மச்சினன்மாரை அடுத்தடுத்து போட்டால் தாலி கட்டுவதற்குள் கைகலப்பு வரும், எல்லாம் மனப்பாடம். விருதுநகரில் நான் போகிற மூன்று லாட்ஜிலும் நாகையா அண்ணாச்சி சொன்னால்தான் சாவியை எடுப்பார்கள்.

பிழைப்புக்கு ஆமத்தூர்ப் பக்கம் ஒரு பட்டாசுக் கம்பெனியில் போர்மேன். நாற்பது ரூம் கம்பெனி. நீங்கள் தஞ்சாவூர்க்காரர் என்று ஏட்டய்யா சொன்னார், அதனால் விளக்குகிறேன். எங்கள் பக்கம் பட்டாசுக் கம்பெனியை ரூமை வைத்துத்தான் சொல்லுவோம். ரூம் என்றால் வெடிமருந்து கலக்க, அடைக்க, காயவைக்கத் தனித்தனியாகக் கட்டிய சின்னக் கட்டடம். படுக்கிற ரூம் இல்லை.

போன வைகாசியில் என் தங்கச்சி அய்யம்மாள் மகள் வேல்விழிக்குக் கல்யாணம் வைத்தார்கள். பெண் பெங்களூரில் கம்ப்யூட்டர் கம்பெனியில் வேலை பார்க்கிறது. நான் தாய்மாமன். பழக்கதோஷத்தில் லிஸ்டைக் கேட்டு அவள் வீட்டுக்குப் போனேன். அய்யம்மாள் சிரித்துக்கொண்டே சொன்னாள்.

"அண்ணே, நீங்க எதுக்கு அலையுறீக? அம்புட்டும் கம்ப்யூட்டர்லயே முடிஞ்சிருச்சு. கல்யாண வேலை பாக்கன்னே ஒரு வெப்சைட்டு இருக்காம். நீங்க சும்மா வந்து உக்காந்து சாப்பிட்டுப் போங்க."

சும்மா வந்து சாப்பிட்டுப் போகச் சொல்லுகிறாள், தாய்மாமனை. எனக்கு வயிறு எரிந்தது. அதை மறைக்க வேண்டிய அவசியம் இப்போது இல்லை.

வேல்விழி அந்த வெப்சைட்டைத் திறந்து காட்டியது. ரயிலடிப் பக்கத்து லாட்ஜில் எட்டு ரூம், எட்டுக்கும் பச்சை நிறத்தில் டிக். லாட்ஜ் என்று ஒரு நீச்சல்குளத்தின் படம் வேறு. ஊரில் குழாயில் தண்ணீர் வந்தால் தெருவே ஓடும், இதில் நீச்சல்குளம். அந்த லாட்ஜில் கம்ப்யூட்டரே கிடையாது சார். நீளமான ஒரு நோட்டுதான். எவன் பெயரை முதலில் எழுதுகிறானோ அவனுக்கு ரூம். அன்று சாயங்காலமே போய் அந்த எட்டையும் என் பெயரில் எழுதிவிட்டு வந்தேன். மற்ற இரண்டு லாட்ஜிலும், யார் போன் போட்டாலும் ஃபுல் என்று சொல்லச் சொன்னேன். பச்சை டிக் அதுபாட்டுக்கு அங்கே இருந்தது.

கல்யாணத்துக்கு ஒரு வாரம் இருக்கும்போது வெப்சைட்டிலிருந்து ஒரு பெண் போன் போட்டாள். உள்ளூர்த் தொடர்புக்கு என்று வேல்விழி என் நம்பரைக் கொடுத்திருந்தது எனக்குத் தெரியாது.

"சார், உங்ககிட்ட எத்தனை ரூம் இருக்கு?"

நாற்பது என்றேன். பட்டாசு ஆர்டர் கொடுக்க வருகிறவன் முதலில் கேட்பது அதைத்தான். அதுவரை என்மேல் குற்றமில்லை.

"நாப்பதா! அப்பாடா. எங்களுக்கு எட்டு போதும் சார். வேல்விழி மேடம் மேரேஜுக்கு. ஊர்ல எந்த லாட்ஜும் கிடைக்கலை."

அப்போதுதான் விளங்கியது. இது பட்டாசுக் கம்பெனி தாயி என்று ஒரு வார்த்தை சொன்னால் தீர்ந்தது. நான் சொல்லவில்லை. வேறு என்ன விவரம் வேண்டும், கேளு என்றேன்.

காட்டேஜ் மாதிரியா என்று கேட்டாள். தனித்தனிக் கட்டடம், ரூமுக்கும் ரூமுக்கும் நல்ல இடைவெளி, நடுவில் வேப்பமரம் என்றேன். காற்றோட்டம்? ஒரு ரூமுக்கே மூன்று கதவு. ரூமுக்கு எத்தனை பேர்? நாலு பேருக்கு மேல் விடமாட்டோம், சட்டம் அப்படி. தண்ணீர் வசதி? ஒவ்வொரு ரூம் வாசலிலும் தொட்டி நிறையத் தண்ணீர் இருந்தே ஆக வேண்டும். கொசு? இத்தனை மருந்து இருக்கிற இடத்தில் கொசு எங்கே வரும். சிகரெட் பிடிக்கலாமா? தீப்பெட்டியே கேட்டைத் தாண்டாது. ஃபேமிலிக்கு ஏற்ற இடம் என்று அவளுக்கு ஒரே சந்தோஷம். நான் சொன்னதில் ஒரு பொய் காட்டுங்கள் பார்ப்போம். கட்டில் உண்டா, கரண்டு உண்டா என்று அவள் கேட்கவில்லை. அவளுடைய ஃபாரத்தில் அந்தக் கட்டம் இல்லை போலிருக்கிறது.

என் திட்டம் சின்னது. திங்கட்கிழமை முகூர்த்தம். ஞாயிற்றுக்கிழமை காலை மாப்பிள்ளை வீட்டு ஆட்கள் ரயிலில் வந்து இறங்குவார்கள். கம்பெனி லீவு. ஷெட்டைப் பார்த்ததும் முகம் சுண்டிப்போகும். அய்யம்மாள் எனக்குப் போன் போட்டு, அண்ணே நீங்கதான் மானத்தைக் காப்பாத்தணும் என்று அழுவாள். இரண்டு தடவை சொல்ல விட்டு, லாட்ஜில் எட்டு ரூம் தயார் என்று சொல்லுவேன். அவ்வளவுதான்.

ஒன்று முதல் ஏழு வரை ரூம்களில் ஒன்றும் கிடையாது, கூட்டித் துடைத்தாயிற்று. எட்டாம் நம்பரில் மட்டும் ஒரு தட்டு மருந்து மிஞ்சிக் கிடந்தது. சனிக்கிழமை நான் இருந்து அப்புறப்படுத்தியிருக்க வேண்டும். அன்று முழுக்க லாட்ஜில் நின்று போர்வை மாற்றிக்கொண்டிருந்தேன். இரண்டு ரூமில் சோப்பு மட்டமாக இருந்தது, அதையும் மாற்றச் சொன்னேன்.

ஞாயிறு காலை ஏழரைக்கு, லாட்ஜில் காப்பி குடித்துக்கொண்டிருந்தபோது, கம்பெனி வாட்ச்மேன் மொக்கைச்சாமி கேட்டிலிருந்து பேசினான்.

"அண்ணாச்சி, கல்யாணத்துக்கு வந்தவுகன்னு ஒரு வேன் நிக்குது. பையைத் தடவிப் பாக்கட்டுமா?"

எங்கள் கேட்டில் வேலைக்கு வருகிறவர்கள் அத்தனை பேரையும் தடவிப் பார்த்துத்தான் விடுவோம். மடியில் ஒரு தீக்குச்சி இருந்தாலும் வீட்டுக்குத்தான் போக வேண்டும்.

"ஏலே, சம்பந்தி வீட்டு ஆளுகளையா தடவுவே? மரியாதையா உள்ள விடு. எட்டு ரூமையும் தொறந்து குடு."

"எட்டாம் நம்பர்ல மருந்து கெடக்கே அண்ணாச்சி."

"பத்து நிமிசத்துல கெளம்பிருவாக. தொறந்து விடுலே."

அவர்கள் பத்து நிமிஷத்தில் கிளம்பவில்லை. அதுதான் நான் எதிர்பாராதது. படித்தவர்கள் பாருங்கள், கையில் பிரிண்ட் எடுத்த தாள் வைத்திருந்தார்கள். கண்ணெதிரே ஷெட்டு, தாளில் கிராமியக் காட்டேஜ். தாளைத்தான் நம்பினார்கள். வெப்சைட்டுக்குப் போன் போட்டார்கள். அது, உங்கள் அழைப்பு எங்களுக்கு முக்கியம் என்று சொல்லிப் பாட்டுப் போட்டது. பாட்டைக் கேட்டுக்கொண்டே, தீயணைக்க வைத்திருந்த தொட்டித் தண்ணீரை மொண்டு ஒவ்வொருவராகக் குளித்திருக்கிறார்கள். மொக்கைச்சாமி ஆஸ்பத்திரியில் படுத்துக்கொண்டு இதையெல்லாம் சொன்னான். அவனுக்குக் கை இரண்டும் வெந்துவிட்டது.

நான் லாட்ஜில் காத்திருந்தேன். எட்டரை ஆனது, ஒன்பது ஆனது. வண்டியை எடுத்தால் இருபது நிமிஷத்தில் போயிருக்கலாம். போவதற்கு எனக்கு மனசு வரவில்லை சார். கூப்பிடாமல் எப்படிப் போவது. அவள் வாயால் கேட்கட்டும் என்று செல்போனைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தேன்.

ஒன்பதே முக்காலுக்கு அய்யம்மாள் கூப்பிட்டாள். "அண்ணே, அந்த ரூமு" என்று அழுதாள். எனக்கு நெஞ்சு குளிர்ந்தது. உள்ளதைச் சொல்கிறேன்.

"பதறாத தாயி. எட்டு ரூமும் ரெடியா வச்சிருக்கேன். எல்லாரையும் இங்கன திருப்பச் சொல்லு."



"யார அண்ணே திருப்பச் சொல்ல?" என்றாள்.

மாப்பிள்ளையின் சித்தப்பா குளித்துவிட்டு வந்து, பையிலிருந்த சாமி படத்தை எட்டாம் நம்பர் ரூமில் சாய்த்து வைத்து, ஊதுபத்தி கொளுத்தியிருக்கிறார். அவர், அவர் சம்சாரம், இரண்டு பெண் பிள்ளைகள். மொத்தம் நாலு பேர்தான். சட்டம் சொன்ன கணக்குத்தான்.

கல்யாணம் நின்றுவிட்டது. வேல்விழி என் முகத்தைப் பார்ப்பதில்லை. வெப்சைட்டை நம்பி மோசம் போன வெட்கம் என்று நினைக்கிறேன்.

எழுதிக்கொள்ளுங்கள் சார், கையெழுத்துப் போடுகிறேன். லாட்ஜை அடைத்தது நான். கம்பெனியைக் காட்டேஜ் என்று நம்பவிட்டது நான். மருந்து கிடக்கிறது என்று தெரிந்தே எட்டாம் நம்பரைத் திறக்கச் சொன்னதும் நான். நாலு பேர் உயிருக்கும் நான்தான் பொறுப்பு. கடைசியில் ஒரு வரி மட்டும் சேர்த்துவிடுங்கள். ரூம் போடுகிற வேலையை என்னிடமே விட்டிருந்தால், வந்த ஒருத்தருக்கும் ஒரு குறையும் வந்திருக்காது.