ஆறாவது முள்

நான் யாருடைய வம்புக்கும் போகாதவன், ஐயா. நடைபாதையில் எறும்பு வரிசை தென்பட்டால்கூட ஒதுங்கித்தான் நடப்பேன்.

அருங்காட்சியகத்தில் மீன் பிரிவு என் பொறுப்பு. விரல் நீளம்கூட இல்லாத உளுவை மீன்களில் எது எந்த இனம் என்று பிரித்துக் குப்பியில் போடுவது வேலை. எல்லாம் அச்சு அசலாக ஒன்றுபோல இருக்கும். முதுகுத் துடுப்பின் முட்களை எண்ணித்தான் பிரிக்க வேண்டும். இருபது வருடங்களுக்கு முன் ஓர் ஓடையில் நான் பிடித்த நாற்பத்திரண்டு மீன்களுக்கு ஐந்தே முட்கள். அந்தப் பேரினத்தில் மற்ற எல்லாவற்றுக்கும் ஆறு. ஆகவே புதிய இனம் என்று அறிவித்து, என் மனைவியின் பெயரையே வைத்தேன்.

அவளுக்குத் தலைகால் புரியவில்லை. "வீடு இவர் பேர்ல, கார் பொண்ணு பேர்ல. என் பேர்ல இருக்கறது அந்த மீன் ஒண்ணுதான்" என்று வருவோர் போவோரிடமெல்லாம் சொல்வாள்.

எங்கள் மருமகனும் மீன் ஆராய்ச்சியாளர்தான். தங்கமான மனிதர். ஆனால் எதையும் இன்னொரு தடவை எண்ணிப் பார்க்கும் வியாதி உண்டு. போன வருடம் ஒருநாள் சாப்பிடும்போது பேச்சை எடுத்தார்.

"மாமா, அத்தை மீன்ல முதல் முள்ளு தோலுக்கடியில ஒளிஞ்சிருக்குமோன்னு ஒரு சந்தேகம். ஆறு இருந்தா அது தனி இனமே இல்ல, பேரை எடுத்துடணும். திங்கக்கிழமை வந்து பாக்கறேன்."

"தாராளமா வாங்க மாப்பிள்ளை" என்றேன்.

மனைவி கரண்டியும் கையுமாக அப்படியே நின்றாள். அந்த முகத்தை என்னால் பார்க்க முடியவில்லை.

மறுநாளே ஒரு மீனின் தோலை ஊசியால் நீக்கிப் பார்த்தேன். மருமகன் கெட்டிக்காரர். ஆறாவது முள் மயிரிழை போல அங்கே படுத்திருந்தது. இடுக்கியால் பிடுங்கிவிட்டேன். பிறகு மற்ற நாற்பத்தொன்றுக்கும். இரண்டு நாள் ஆனது, கழுத்துதான் பிடித்துக்கொண்டது.

திங்கட்கிழமை மருமகன் எண்ணினார். ஐந்து. தலையைச் சொறிந்தார். "எதுக்கும் உயிரோட இருக்கறதையும் பாத்துடலாம் மாமா. அடுத்த வாரம் ஓடைக்குப் போறேன்."

நான் முந்திக்கொண்டேன். ஆராய்ச்சிக்கு மீன் பிடிக்க எங்களிடம் ஒரு விஷ வேர்ப்பொடி உண்டு. ஒரு கைப்பிடி கரைத்தால் போதும், சுற்றியுள்ள மீன்கள் மிதக்கும். நான் மூன்று மூட்டை கொண்டுபோனேன். இந்த மீன் அந்த ஓடையைத் தவிர உலகில் வேறெங்கும் இல்லை என்று எழுதியவனே நான்தான். அதனால் அலைச்சல் மிச்சம். ஊற்றுக்கண்ணில் தொடங்கி ஓடை முடியும் இடம் வரை கரைத்தேன். தலைப்பிரட்டைகளும் செத்தன. அவற்றோடு எனக்கு எந்த விரோதமும் இல்லை.

காலிச் சாக்குகளை அங்கேயே விட்டுவந்தது தவறு. அவற்றில் அலுவலக முத்திரை இருந்தது. குப்பை போடுவது எனக்கே பிடிக்காத பழக்கம்.

மருமகன் வெறுங்கையோடு திரும்பினார். இனம் அற்றுப்போனது என்று அறிவித்தார்கள். "எந்தப் படுபாவி இப்படிப் பண்ணினானோ" என்று மனைவி அழுதபோது நானும் அழுதேன். உண்மையான அழுகைதான். ஆனால் அவளுடைய பெயரை இனி யாரும் எடுக்க முடியாது. எண்ணிப் பார்க்க உயிரோடு ஒரு மீன்கூட இல்லை.

இந்த வாக்குமூலத்தில் நான் அந்த இனத்தை 'அழித்தேன்' என்று எழுதியிருக்கிறீர்கள், ஐயா. கையெழுத்துப் போடுகிறேன். அந்த ஒரு சொல்லை மட்டும் 'காப்பாற்றினேன்' என்று திருத்திக் கொடுங்கள்.