பிணமாக நடித்தவரின் சிரிப்பு

ஹலோ... ஆமா, கேமராமேன் காவ்தான் பேசறேன்... எந்த ஷெங்?... டூப்பு போட்ட ஆ-ஷெங்கோட பொண்ணா! சூ-சிங்கா நீ? அடேயப்பா, கைக்குழந்தையா பாத்தது... ஐயாவெல்லாம் வேணாம்மா, மாமான்னே கூப்பிடு. அம்மா எப்படி இருக்காங்க?... எப்போ?... ஐயோ... எனக்கு யாருமே சொல்லலையே.

...ஆமா... ஆமா, பூஜை மாடத்துல ரெண்டு பேர் படமும் பக்கத்துல பக்கத்துல வைக்கணும், சரிதான்... அப்பா படம் ஒண்ணுகூடவா இல்ல?... புயல் வெள்ளத்துலயா... ம்.

இல்லம்மா, நடிச்ச சினிமாவுல அவன் மூஞ்சியே இருக்காது. இருபத்தி மூணு வாள்சண்டைப் படம், எல்லாத்துலயும் முதுகுதான். மூஞ்சி தெரிஞ்சா டைரக்டர் என்னைத் தொலைச்சிடுவாரு. ஹீரோ பறக்கறாருன்னு ஜனம் நம்பணுமே...

...எந்தச் சிரிப்பு?... அம்மா சொன்னாங்களா... ஆமா. ஆமா. கடைசிப் படத்துல பிணமா நடிச்சான். எங்க செட்டுல ஒரு நம்பிக்கை, பிணமா நடிச்சவங்க எழுந்ததும் கேமராவைப் பாத்துச் சிரிச்சிடணும், இது வெறும் நடிப்புதான்னு எமனுக்குக் காட்டணும், இல்லன்னா நிஜமாவே கூட்டிட்டுப் போயிடுவான். சிரிச்சான். அது பிலிம்ல இருக்குன்னு அப்பாவோட சாவு வீட்டுல அம்மாவைத் தேத்தினதே நான்தான்...

தைபே பிலிம் காப்பகத்துல கேட்டியா?... சுருள் இருக்கு, சிரிப்பு இல்லையாமா... இரு, இரும்மா, அவங்களைத் திட்டாதே. அவங்க தொலைக்கல.

கேளு சூ-சிங். அன்னிக்கு அவன் எழுந்து சிரிக்கறதுக்குள்ள பிலிம் தீந்துடுச்சு. அடுத்த சுருள் கீழ வேன்ல கிடக்கு, ஹுவாலியன் மலை, ஏறி வர அரை மணி. பொழுது சாயுது, டைரக்டர் கத்தறாரு. நான் வெறும் கேமராவை ஓட விட்டேன். சத்தம் கேட்டா போதும், அவன் மனசு ஆறிடும்னு நெனச்சேன். "வந்துச்சாண்ணே?"ன்னு கேட்டான். "பிரமாதமா வந்துச்சுடா"ன்னுட்டேன்.

...ஆமா... மறுநாள் காலைல, முதல் ஷாட். தொங்குபாலத்துலேருந்து குதிக்கறது... கயிறு அறுந்து... ஆமா... ஆமா... முப்பத்தொம்பது வருஷமாச்சு, இன்னிக்கும் பல்லு விளக்கறப்போ, கஞ்சி குடிக்கறப்போ, காதுகிட்ட வந்து கேக்கறான், "வந்துச்சாண்ணே?" திரும்பிப் பாக்கவே பயமா இருக்கும்மா... திட்டு. நல்லா திட்டு...

...என்ன?... எப்படிச் சிரிச்சான்னா?...

...சொல்றேன், அழாதே... பாக்கு போட்ட பல்லு, செவசெவன்னு... கண்ணு ரெண்டும் இடுங்கி... இல்ல. இல்லம்மா. உங்கிட்டயும் புளுக வாய் வரல. நான் பாக்கல. கேமராலதான் ஒண்ணுமில்லையேன்னு மலைப் பக்கம் திரும்பிட்டேன். வெளிச்சம் இன்னும் எத்தனை நிமிஷம் நிக்கும்னு பாத்துக்கிட்டிருந்தேன்...

சூ-சிங்?... ஹலோ?... ஹலோ...