பதிமூன்று நாள் பால்

ஏப்ரல் 17, திங்கள்

நேற்று 174 நாள் என்று எழுதியது தவறு. 173தான். மார்ச் 13 காலை ஹிந்துராவ் ஜக்தாளே வீட்டுப் பாலை எடை போட்டுப் பதிவேட்டில் ஏற்றிவிட்டேன். பெரிய கேனில் ஊற்றுவதற்குள் சாவுச் செய்தி வந்ததால் அந்தப் பதிவை அடித்தேன். அடித்ததை எண்ணக் கூடாது. இதைத் தவறவிட்டவன் வேறெதையும் தவறவிட்டிருப்பேனோ என்று தோன்றுகிறது. அதனால் எல்லாவற்றையும் வரிசையாக எழுதிப் பார்க்கிறேன்.

எங்கள் பால் சங்கத்தில் ஏப்ரலிலிருந்து மார்ச்சுக்குள் நூற்றெண்பது நாள் பால் ஊற்றியவருக்குத்தான் ஓட்டு. ஓட்டு உள்ளவர்தான் தேர்தலில் நிற்கலாம். சாவு விழுந்த வீட்டார் பதிமூன்று நாள் பால் கொண்டுவருவதில்லை. அபிஷேகத்துக்கும் இங்கிருந்துதான் பால் போகிறது; தீட்டு.

ஐந்து வருஷத்துக்கு முன் அப்பா இறந்தார். அந்த வருஷம் அம்மா, சங்கத் தலைவர் ஜக்தாளேயை எதிர்த்து வேட்புமனுப் போட்டிருந்தாள். அவள் கணக்கில் 171 நாள். தீட்டு நாளைச் சேர்த்தால் 184. விசாரணையில் ஜக்தாளே எழுந்தார்.

"துக்கத்துக்கு நானும்தான் வந்தேன், அண்ணி. உங்களுக்குத் துக்கம், சரி. எருமைக்கென்ன துக்கம்? அது கறந்துச்சில்ல?"

அறையே சிரித்தது. தேர்தல் அதிகாரியும் சிரித்தார். அம்மாவின் பெயரை அடித்தார்கள். பதினான்கு மாதம் கழித்து நீதிமன்றமும், பதிவேட்டில் இருப்பதுதான் நாள் என்றது. சட்டப்படி அது சரியான தீர்ப்பு. அதற்குப் பிறகு அம்மா சங்கத்துப் பக்கம் போகவில்லை. எருமையை என் பெயருக்கு மாற்றினாள். நான் உறுப்பினரானேன்; பாலைப் பரிசோதித்துப் பதிவேட்டில் ஏற்றும் வேலையும் எனக்கே கிடைத்தது.

இந்த வருஷம் ஜக்தாளேயின் எருமைகள் சினையாகி நெடுநாள் பால் வற்றிக் கிடந்தன. மார்ச் 12 வரை 167 நாள். மிச்சமுள்ள பத்தொன்பது நாளும் ஊற்றினால் 186. பதிமூன்று குறைந்தால் 173. பலமுறை கூட்டிப் பார்த்தேன். என் கணக்கில் எனக்கு நம்பிக்கை கிடையாது.

ஜக்தாளேயின் அப்பாவுக்கு எண்பத்தாறு வயது, படுத்த படுக்கை. ஊரில் எல்லோருக்கும் ஆபா. காலை ஐந்தரைக்கு அந்த வீட்டில் மற்ற எல்லோரும் தொழுவத்தில் இருப்பார்கள். மாதிரிப் பால் எடுக்கும் புட்டியோடு நான் வீடு வீடாகப் போவது வழக்கம். யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். 13ஆம் தேதி முன்னறை வழியாகப் போனேன்.

"யாரு, சகுபாய் மகனா? அம்மா நல்லாருக்காளா? வரச் சொல்லுடா, பாத்து நாளாச்சு."

"நல்லா இருக்காங்க, ஆபா."

தலையணை பழைய பருத்தி, நல்ல கனம். நான் நினைத்ததைவிட அதிக நேரம் பிடித்தது. அதை மறுபடி அவர் தலைக்குக் கீழே வைத்து, கலைந்த முடியையும் ஒதுக்கிவிட்டேன். ஆபா சங்க உறுப்பினர் இல்லை. அவருக்கு ஓட்டும் இல்லை. ஆகவே தேர்தலில் முறைகேடு செய்ததாக என்மேல் யாரும் சொல்ல முடியாது.

ஆறு மணிக்கு ஜக்தாளே பாலோடு வந்தார். எடை போட்டு முடித்த நேரம் அவர் மருமகள் தலைவிரிகோலமாக ஓடி வந்தாள்.

"பாலத் திருப்பி எடுத்துட்டுப் போயிடுங்க, தலைவரே. தீட்டு," என்றேன்.

கேனைப் பிடித்தபடி அப்படியே நின்றார். எருமைக்கென்ன துக்கம் என்று நாக்கு நுனிவரை வந்தது. கேட்கவில்லை.

இன்று சாப்பிடும்போது அம்மாவிடம், ஜக்தாளே தேர்தலில் நிற்பதற்கு எதிரான ஆட்சேபனை மனுவைப் படித்துக் காட்டினேன். பிட்ட பாக்ரி ரொட்டியைத் தட்டிலேயே வைத்துவிட்டாள்.

"சாவு வீட்டு நாளப் புடிச்சுத் தொங்குறியேடா, சம்பா. நமக்கு நடந்தது போதாதா? நாளைக்கு நானே வரேன். அந்தப் பதிமூணு நாளையும் சேத்துக்கோங்கன்னு அதிகாரிகிட்டச் சொல்றேன்."

"அவர் உன்ன என்ன கேட்டாருன்னு மறந்துட்டியா?"

"மறக்கல. அதனாலதான் வரேன்."

எல்லாம் அவளுக்காகத்தான் என்பது அவளுக்குப் புரியவில்லை. கராட்டில் நான் படிக்கும் சட்ட மாலை வகுப்பில் போன வாரம் நடத்திய பாடம் இதற்கு உதவும்.

நாளை காலை பத்தரை, தாலுகா அலுவலகம். மனு மூன்று பிரதி, பதிவேட்டு நகல். எல்லாவற்றுக்கும் முன்னால் தனித்தாளில் எழுதிக் கொடுக்க வேண்டியது: சகுபாய் இந்தச் சங்கத்தின் வாக்காளர் அல்ல. விசாரணையில் பேச அவருக்கு உரிமை கிடையாது.