தோணி எடுக்கச் சொன்ன ஆர்டர்

கொல்லம் ஆண்டு 1088 துலா மாதம் 12ஆம் தேதி போலீஸ் இன்ஸ்பெக்டர் முன்பாகச் சொல்லியது.

என் பெயர் கிளீட்டஸ். தகப்பன் பெயர் எலியா. வயது முப்பத்துநாலு. நெய்யாற்றின் தென்கரையில் மாங்கடவில் குடியிருந்து, அங்கேயே தோணி விடுகிறேன். எழுத்து தெரியாது.

சம்பவ நாளான இம்மாதம் 9ஆம் தேதி மலையில் நல்ல மழை. உச்சிக்குப் பிறகு ஆற்றில் மரமும் வாழையும் அடித்து வந்தபடியால் நானும் என் தம்பி யேசுவடியானும் தோணியைக் கட்டிப் போட்டோம். அதன் பிறகு தாலூக்கா கச்சேரிக் குமாஸ்தா தாணுலிங்கம் பிள்ளை அவர்கள் வந்து அக்கரை போகவேண்டும் என்றார்கள். தம்பி என் கையைப் பிடித்து, "அண்ணே, வெள்ளம் கலங்கியாக்கும் வருது. போவண்டாம்" என்றான். நானும் முடியாது எசமானே என்று கும்பிட்டேன். அதன் பிறகு குமாஸ்தா, "எலே, ஆர்டராக்கும். எடு தோணிய" என்றார்கள்.

யாருடைய ஆர்டர் என்று ஏன் கேட்கவில்லை என்று எசமான் கேட்பதற்குச் சொல்வது: எங்கள் கடவில் அப்படிக் கேட்கிற வழக்கம் இல்லை. ரோட்டுக்குக் கல் சுமக்க ஆள் பிடித்தால் ஆர்டர். தருமாஸ்பத்திரியில் கஞ்சி இல்லை என்றாலும் ஆர்டர். கூடையிலிருந்து கரிமீன் எடுத்துப் போனாலும் ஆர்டர்தான், இங்கே நிற்கிற ஏட்டு எசமான் பொறுக்கவேண்டும். சாயாக்கடையில் அவித்த மரச்சீனிக் கிழங்கு கேட்கிறவனும் இப்போது ஆர்டர் என்கிறான். அவன் சொன்னால் சிரிப்போம். சட்டை போட்டவர் சொன்னால் கை தானாகத் தோணிக் கழியை எடுத்துவிடும்.

அதன் பிறகு நானும் தம்பியும் குமாஸ்தாவை ஏற்றிப் போகையில் நடு ஆற்றில் மரம் மோதித் தோணி தலைகீழாய் மறிந்தது. தம்பி நீச்சலில் என்னைவிடக் கெட்டிக்காரன். இதைச் சொல்லாமல் இருக்க முடியாது: குமாஸ்தா தம்பியின் கழுத்தைக் கட்டிக்கொண்டார்கள். தம்பி அவர்களை இழுத்துக் கரைமரத்து வேரைப் பிடிக்க வைத்தான். நான் நீந்திப் போவதற்குள் அவன் கை நழுவிப் போனது. கடவுளே, அந்தக் கையை நான் பார்த்தேன்.

அதன் பிறகு கரையேறிய குமாஸ்தா, தாம் எந்த ஆர்டரும் சொல்லவில்லை, கூலிக்கு ஆசைப்பட்டு நானே தோணி எடுத்தேன் என்று சொன்னதாகக் கேள்விப்பட்டேன். அது பொய். என்னை ஜெயிலில் போடுவார்கள் என்று பயந்து இரண்டு தரம் ஓடிப்போக நினைத்தேன். தம்பி கிடைக்காமல் எங்கே ஓடுவது?

தம்பி பெஞ்சாதி மேரிக்குட்டி இந்த நேரமும் ஆற்றங்கரையில்தான் நிற்கிறாள். இன்று காலை, பிணம் தேடுகிறதை நிறுத்த ஆர்டர் வந்துவிட்டதாக ஏட்டு எசமான் சொன்னார்கள். கும்பிட்டுக்கொண்டேதான், "ஆருக்க ஆர்டரு?" என்று கேட்டேன். இதை எழுதிக்கொள்கிற இன்ஸ்பெக்டர் எசமானையும் அதையே கேட்கிறேன்.

நான் சொன்னபடியே எழுதி, வாசித்துக் காட்டக் கேட்டு, சரியென்று சம்மதித்து வைத்த இடது பெருவிரல் ரேகை.

கிளீட்டஸ்